கொக்குமுக்குக் குன்றின் சரியான உச்சரிப்பு

2023 டிசம்பர் ஒன்பதாம் தேதி, சனிக்கிழமை மத்தியானம், குமுளிக்கு மேலே இருக்கும் கொக்குமுக்குக் குன்று நாற்பது அடி நடந்து வந்து, எஸ்டேட் தொழிலாளர் லயத்தில் சித்ராவின் அடுப்படிக் கதவை முட்டிக்கொண்டு நின்றது. தேயிலைச் செடி ஒன்றுகூடச் சாயவில்லை. மேலே கொழுந்து கிள்ளிக்கொண்டிருந்த பதினொரு பெண்களும், வீடு பக்கத்தில் வந்துவிட்டதே என்று அப்படியே இறங்கிச் சாப்பிடப் போனார்கள்.

காரணம் மோராக். ஸ்காட்லாந்திலிருந்து சுற்றிப் பார்க்க வந்த அந்த அம்மாளை அங்கே கூட்டி வந்தவளே சித்ராதான். நூற்றிருபது வருஷத்துக்கு முன்னால் அந்த நாட்டுத் துரை ஒருவர் தன் கேலிக் பாஷையில் குன்றுக்குப் பேர் வைத்துப் பலகை நட்டிருந்தார். 'க்னாக் ந முக்' என்று எழுத்துக்கூட்டிப் பார்த்த ஜனங்கள், கொக்கே வராத இடத்தைக் கொக்குமுக்கு ஆக்கிவிட்டார்கள். சித்ராவின் அடுப்படி வாசலில் நின்றபடியே பலகையைப் பார்த்து மோராக் சிரித்தாள். அந்தப் பாஷையில் 'க்' பக்கத்தில் 'ன' எழுதினால் 'ர' என்று படிக்க வேண்டுமாம். "க்ரோஹ்க் ந முஹ்க்" என்று தொண்டையைச் செருமுவதுபோல் ஒரு தரம் சொன்னாள். பன்றிக்குன்று என்று அர்த்தமாம். துரை போனபிறகு முதல் தடவையாகத் தன் பேரைச் சரியாகக் கேட்ட குன்று உறுமிக்கொண்டு எழுந்து வந்துவிட்டது.

அடுப்படி இருண்டது. இன்னொரு தரம் கூப்பிட்டால் வீடு இருக்காது. போகச் சொல்ல வார்த்தை உண்டா என்று சித்ரா கேட்டாள். கேலிக்கில் ஊர்ப்பேர்கள் தவிரத் தனக்கு ஒன்றும் தெரியாது என்று மோராக் கையை விரித்தாள்.

"ஜேசிபி கூப்புடவா?" என்றான் புருஷன் மாரீஸ்வரன்.

"பன்னிக்கு எதுக்குய்யா ஜேசிபி?"

சித்ரா உச்சரிப்புப் படித்தாள். முழுசாகச் சொன்னால் ஆபத்து என்பதால் முன்பாதியை ஒரு மணி நேரம், பின்பாதியை ஒரு மணி நேரம். பிறகு கழனித்தண்ணி வாளியைக் கொண்டுபோய்க் குன்று பெயர்ந்த குழியில் வைத்து, குழிக்கு அப்பால் தள்ளி நின்று, பேரைச் சேர்த்துக் கூப்பிட்டாள். குன்று திரும்பிப் போய்க் குடித்துவிட்டுப் படுத்தது.

அடுத்த வருஷம் மழை முடிந்ததும் அதன் அடிவாரத்தில் வரிசையாக ஏழு சின்ன மேடுகள் ஒட்டிக்கொண்டு கிடந்தன. வில்லேஜ் ஆபீசர் ஜிபி அளக்க வந்தார்.

"இதுக்கெல்லாம் பேரு வேணுமே சித்ரே, ரிக்கார்டுல சேர்க்கணும்."

"வேணாம் சார். பேரு வச்சா வந்து நிக்கும்."

அது நியாயமாகவே பட்டது ஜிபிக்கு. 'குட்டிகள், ஏழு' என்று மட்டும் எழுதிக்கொண்டு, கடைசிக் குட்டியை மிதிக்காமல் சுற்றிப் போய் ஜீப்பில் ஏறினார்.