உறவுமுறை என்னும் கட்டம்

மாணவர்கள் பேராசிரியைக்கு வைத்த பெயர் ‘கட்டம் மேடம்’. முகத்துக்கு நேரே சொல்ல எவனுக்கும் தைரியம் கிடையாது. அந்தக் காலத்தில் ஆண் யார், பெண் யார் என்று எப்படி வகுத்தார்கள், யார் யாரை விரும்பினார்கள் என்பதுதான் அவள் எழுதிய வரலாறு. முப்பது வருடம் பழைய பதிவேடுகளைக் கிளறியதில் ஒன்றைக் கண்டுகொண்டாள். காலமெல்லாம் ஒரே வீட்டில் சேர்ந்து வாழ்ந்த இரண்டு பெண்களைத் தேடினால், உறவுமுறை என்ற கட்டத்தில் ‘அக்கா’ என்றோ ‘தங்கை’ என்றோதான் இருக்கும். “அந்தக் கட்டத்த மட்டும் நம்பிடாதீங்க” என்று வகுப்புக்கு வகுப்பு கிளிப்பிள்ளைக்குச் சொல்வதுபோலச் சொல்வாள்.

ஊருக்குத்தான் உபதேசம். அவளோடு இருபத்திரண்டு வருடம் குடும்பம் நடத்திய பல் டாக்டர் இறந்த அன்று, மருத்துவமனையில் நீட்டிய படிவத்தில் அவளே ‘அக்கா’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டாள். யாரும் கட்டாயப்படுத்தவில்லை. கைப்பழக்கம். வீட்டைக் காலி செய்யச் சொல்லிவிடுவார்களோ என்ற பயத்தில் வீட்டுக்காரரிடம் ஆரம்பித்த பொய், வங்கிவரை போயிருந்தது. பல் டாக்டருக்கு அதில் ஒரே சிரிப்பு. “உங்கக்கா ஏன் எப்பவும் உர்ருனு இருக்காங்கன்னு கீழ் வீட்டம்மா கேக்கறாங்க, புரொபசரே” என்பாள்.

பதினோரு நாளாக அழுகையே வரவில்லை. குளிக்கிறாள், சாப்பிடுகிறாள், கேட்டதற்குப் பதில் சொல்கிறாள். பல் டாக்டர் ஊசி போட்டால் தாடை மரத்துப்போகுமே, அப்படி உடம்பு முழுக்க இருந்தது. இறப்புச் சான்றிதழ் வந்தபோது தகவல் தந்தவர் ‘அக்கா’ என்று அச்சடித்திருந்தார்கள். நூறு வருடம் கழித்து எவளோ ஒருத்தி இதைப் புரட்டுவாள், பாவம், அவளும் ஏமாறப்போகிறாள் என்று தோன்றியது. இந்த ஒரு வார்த்தையை மாற்றிவிட்டால் போதும், வேறெதுவும் வேண்டாம் என்று கிளம்பினாள்.

பதிவு அலுவலகத்தில் எழுத்தர் ஒரு இளம்பெண். “என்னன்னு மாத்தணும்மா?”

“அக்கா இல்ல. நாங்க சேர்ந்து வாழ்ந்தோம்.”

எழுத்தர் நிமிர்ந்து பார்த்தாள். முகம் சுளிக்கவில்லை. “சரிம்மா. அதுக்கு ஆதாரம் ஏதாவது இருக்கா? பழைய காகிதம்?”

“வாடகை ஒப்பந்தம் இருக்கு.”

“அதுல என்ன போட்டிருக்கு?”

“அக்கா தங்கச்சின்னு.”

“வேற லெட்டர் கிட்டர்?”

ஒரே வீட்டில் இருப்பவர்கள் எதற்குக் கடிதம் எழுதப்போகிறார்கள்? ஒரு புகைப்படம் இருந்தது. அதில் இருவரும் அக்கா தங்கை மாதிரியே நின்றிருந்தார்கள். செத்து நூறு வருடமான பெண்களுக்கெல்லாம் சாட்சி தேடித் தந்தவளுக்குச் சொந்த வீட்டில் ஒரு துண்டுக் காகிதம் இல்லை. இருவருமாகச் சேர்ந்து அவ்வளவு சுத்தமாகத் துடைத்து வைத்திருந்தார்கள்.

“கஷ்டம்மா” என்றாள் எழுத்தர். “எழுதிக் குடுத்ததே நீங்கதானே?”

“ஆமா. நான்தான்.”

வீட்டுக்கு வந்து, தண்ணீர் எடுக்க ஃபிரிட்ஜ் அருகில் போனாள். கதவில் காந்தத்துக்கு அடியில் ஒரு சீட்டு. பல் டாக்டரின் கோழிக் கிறுக்கல், தனக்குத் தானே எழுதிக்கொண்டது. ‘சோப்பு. பல்பு. புரொபசருக்கு பிரஷர் மாத்திரை. இருக்குன்னு சொல்லுவா, நம்பாதே.’ பதினோரு நாளும் அந்தக் கதவைத் திறந்து மூடியிருக்கிறாள், கண்ணில் படவில்லை.

சீட்டை மேசைக்கு எடுத்துப் போனாள். ஆவணக் காப்பகத்தில் பேனா கூடாது. பென்சில் என்றால் தப்பை அழித்துக்கொள்ளலாம். பழக்கதோஷம், கை பென்சிலைத்தான் எடுத்தது. பின்பக்கத்தில் தேதி எழுதினாள், சீட்டை எழுதியவள் பெயரை எழுதினாள். ‘உறவுமுறை’ என்று எழுதி ஒரு கட்டம் போட்டாள்.

பென்சிலைக் கீழே வைத்தாள். பேனாவைத் திறந்து, கட்டத்துக்குள் ‘என் மனைவி’ என்று எழுதினாள்.

மை காயும்வரை பார்த்துக்கொண்டிருந்தாள். மாத்திரை தீர்ந்து ஒன்பது நாள் ஆகிறது என்பது அப்போதுதான் நினைவுக்கு வந்தது. அழுகை வரவில்லை. செருப்பை மாட்டிக்கொண்டு மருந்துக் கடைக்குப் போனாள்.