இண்டைக்கு ஐயா ஆர்?

லண்டன் பிளேஸ்டோவில் இருந்த அந்த முதியோர் இல்லத்தில் காலை ஷிப்ட் தொடங்கும்போது, குசினியில் சமைக்கும் யோகேஸ்வரன், முதியோரைப் பராமரிக்கும் டொலறஸிடம் கேட்கும் முதல் கேள்வி எப்போதும் ஒன்றுதான்.

"டொலறஸ் அக்கா, இண்டைக்கு ஐயா ஆர்?"

"நீதவான். முட்டை வடிவா அவியேல்லையெண்டு எனக்கு ஆறு மாதம் மறியல் தண்டனை போட்டிட்டார்."

ஐயா என்றால் ஆபெலார்தோ சாந்தியான், மெக்சிகோக்காரர். ஐம்பது வருஷத்தில் அறுபத்துமூன்று ஸ்பானியப் படங்கள். பாதிரியார், கொள்ளைக்காரன், நீதவான், குடிகாரன் என்று அவர் போடாத வேஷமில்லை. ஒரு படம் தொடங்கினால் அது முடியும்வரை வீட்டிலும் அந்த ஆளாகவே இருப்பாராம். பத்திரிகைக்காரர்கள் அதை அர்ப்பணிப்பு என்று எழுதினார்கள். அவர்களுக்கென்ன, கூட இருந்து சாப்பிட்டவர்களா? மகள் இரேனேதான் பாதிரியாரிடம் பள்ளிக்கூட ரிப்போர்ட்டில் கையெழுத்து வாங்கினாள், கொள்ளைக்காரனுக்கு முன்னால் பயந்து பயந்து விழுங்கினாள். இப்போது எழுபத்தொன்பது வயதில் ஞாபகம் கலங்கிப்போக, பழைய வேஷங்கள் முறை வைத்து வந்துகொண்டிருந்தன. அப்பா என்கிற ஆளை மட்டும் காணவில்லை.

லண்டனில் வேலை பார்த்த இரேனே அவரைக் கூட்டிவந்து இங்கே சேர்த்து மூன்று வருஷம். ஒரு ஞாயிறும் தவறமாட்டாள். தலை நரைக்கத் தொடங்கிய பெண், நீதவானுக்கோ குடிகாரனுக்கோ முன்னால் இரண்டு மணித்தியாலம் பேசாமல் இருந்துவிட்டுப் போவாள். ஒரு தடவை டொலறஸிடம் சொன்னாள்:

"அப்பாவுக்குத் திக்கும். வேஷத்தில் இருந்தால் திக்காது. என்றைக்காவது திக்கினால் உடனே என்னைக் கூப்பிடுங்கள். அவர் அவராக ஒரு தரம் என்னோடு பேசினால் போதும், எனக்கு வேறொன்றும் வேண்டாம்."

2005 ஜூலையில் ஒரு வியாழக்கிழமை காலை, டொலறஸ் தேத்தண்ணி கொண்டுபோனபோது அவர் கட்டில் விளிம்பில் இருந்தார். கைகள் மடியில் சும்மா கிடந்தன. "பு... பு... புவெனோஸ்" என்று காலை வணக்கம் சொன்னார். டொலறஸ் கோப்பையை வைத்துவிட்டு ஆபீஸ் போனுக்கு ஓடினாள். இரேனே கிடைத்தாள். "திக்குகிறார்" என்று சொல்லி முடிக்கவில்லை, லைன் அறுந்துபோனது. அதற்குப் பிறகு எத்தனை தரம் அடித்தும் கிடைக்கவில்லை. நகரத்தில் குண்டுகள் வெடித்திருந்தன. ரயிலும் இல்லை, பஸ்ஸும் இல்லை. வேலையிடமான ஹோபர்னில் இருந்து இரேனே நடக்கத் தொடங்கினாள்.

இங்கே அவர் டொலறஸின் கையைப் பிடித்துக்கொண்டு பேசினார். வேஷங்கள் பேசும் அரைகுறை ஆங்கிலம் இல்லை, எல்லாம் ஸ்பானிய மொழி. ஏதோ பொறுப்புக் கொடுப்பதுபோல் ஒரே விஷயத்தை மூன்று தரம், நான்கு தரம் சொன்னார். டொலறஸுக்கு ஒரு சொல்கூட விளங்கவில்லை. மகள் வரும்வரைக்கும் வேஷம் திரும்பாமல் இந்த மனிதர் தாக்குப்பிடிப்பாரா என்று வாசலைப் பார்த்தாள். ஆனால் அவள் பாஷையூர் என்ற கத்தோலிக்கக் கிராமத்தில் பிறந்தவள். சின்ன வயதில் அங்கே பூசை லத்தீனில். அர்த்தம் தெரியாமலே செபம் முழுவதையும் பாடமாக்குவார்கள், பிசகினால் உபதேசியார் செபஸ்தியாம்பிள்ளையின் பிரம்பு பேசும். அந்தப் பழக்கத்தில் அவர் சொன்னதை வாய்க்குள் சொல்லிச் சொல்லி, திக்கல் உட்படப் பாடமாக்கினாள்.

மத்தியானம் அவர் நிமிர்ந்து உட்கார்ந்தார். குரல் கணீரென்று வந்தது. நீதவான் திரும்பி வந்துவிட்டார்.

இரண்டு மணிக்கு இரேனே வந்தாள். சப்பாத்து கையில், குதிக்கால் இரண்டிலும் இரத்தம். நீதவான் அவளை மேலும் கீழும் பார்த்து, வழக்கை அடுத்த மாதத்துக்கு ஒத்திவைத்தார். அவள் வெளியே வந்து கொரிடோர் தரையிலேயே இருந்துவிட்டாள்.

டொலறஸ் பக்கத்தில் குந்தினாள். "உங்களுக்குத்தான் சொன்னவர். என்னிடம் இருக்கிறது" என்றாள் ஆங்கிலத்தில். கொஞ்சம் பெருமையும் இருந்தது, பொய் சொல்வானேன். கண்ணை மூடிக்கொண்டு ஒப்புவித்தாள். முதல் திக்கலிலேயே இரேனே அழுகையும் சிரிப்புமாக, "இது அப்பாதான், அப்பாவேதான்" என்றாள். பிறகு முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டாள்.

"என்ன சொல்லியிருக்கிறார்?"

இரேனே சுவரைப் பார்த்துக்கொண்டு சொன்னாள். "'ஞாயிற்றுக்கிழமைகளில் வருகிற அந்த அம்மா யாரென்று எனக்குத் தெரியவில்லை. யாரோ அவரைக் காக்க வைத்திருக்கிறார்கள். பாவம், வீட்டுக்குப் போகச் சொல்லுங்கள். என் மகள் பள்ளிக்கூடம் விட்டு வருவாள். நான் அவளோடு பேசவேண்டும்.'"

டொலறஸுக்கு அர்த்தம் தெரிந்திருந்தால் அத்தனையையும் விழுங்கியிருப்பாளே. நன்றாகத்தான் பாடமாக்கினாள் பாவி.

"இன்னொரு தரம் சொல்லுங்கள்" என்றாள் இரேனே.

"வேண்டாம், பிள்ளை."

"அவர் பேச்சு இப்போது உங்களிடம்தானே இருக்கிறது. சொல்லுங்கள்."

டொலறஸ் அவள் கையைப் பிடித்துக்கொண்டு, ஒரு திக்கலையும் விடாமல், அவளை மறுபடியும் வீட்டுக்குப் போகச் சொன்னாள்.