யசோதினி கேட்ட வீடு

யசோதினியின் வாயில் எப்போதும் ஒரு சொல் தயாராக இருக்கும்: பரவாயில்லை. பொரித்த மீனில் கடைசித் துண்டு தங்கைக்குப் போனால் பரவாயில்லை. பஸ்ஸில் யாராவது காலை மிதித்தால் பரவாயில்லை. மிதித்தவர் மன்னிப்புக் கேட்க முதலே சொல்லிவிடுவாள். முப்பத்தெட்டு வயதுக்குள் அந்தச் சொல்லைச் சொன்ன அளவுக்குச் சாமி பெயரைச் சொல்லியிருந்தால், மண்டூர் முருகன் நேரே வந்து என்ன வேணும் என்று கேட்டிருப்பார். ஊரில் அவளுக்குத் தங்கமான பிள்ளை என்று பெயர். தங்கத்திடம் போய் உனக்கு என்ன வேணும் என்று யார் கேட்கிறார்கள்?

குருக்கள்மடத்தில் அவர்கள் இருக்கிற வீடு ஒரு காலத்தில் ஓலைக் குடிசை. தகப்பன் போன பிறகு, புளியந்தீவில் ஒரு மருந்துக்கடையில் வேலைக்குச் சேர்ந்த யசோதினிதான் அதை அறை அறையாகக் கல்வீடாக்கினாள். குசினி ஜன்னலை எந்தப் பக்கம் வைப்பது என்று வீடு கட்டின மேசன் பாஸோடு மல்லுக்கட்டியவளும் அவள்தான். அவள் வாழ்க்கையில் பிடித்த ஒரே சண்டை அது.

அந்தப் பக்கத்தில் பெண்ணுக்குக் கலியாணம் என்றால் வீடு அவள் பெயருக்குப் போகும். மாப்பிள்ளை அங்கே வந்து குடியிருப்பான். யசோதினிக்கு வந்த சம்பந்தங்கள் ஒவ்வொன்றாகக் குழம்பிப்போக, ஒருநாள் அவளே போதும் என்றுவிட்டாள். இப்போது தங்கை நிருஷாவுக்கு மண்டூரிலிருந்து சிவதர்ஷன் என்றொரு நல்ல பையன் பொருந்தியிருந்தான். "வீட்டத் தங்கச்சிக்கு எழுதுவமா புள்ள?" என்று தாய் அன்னப்பூரணி மூத்தவளிடம் கேட்டாள். என்ன பதில் வந்தது என்று சொல்லவும் வேண்டுமா? அன்றிலிருந்து யசோதினிக்குச் சாப்பாடு இறங்கவில்லை. வெயிலின் வேலை என்று அவள் தனக்கே சொல்லிக்கொண்டாள்.

மருந்துக்கடையில் கூட வேலை செய்கிற பர்ஸானா காத்தான்குடிக்காரி. அவளுடைய வாயும் சும்மா இருக்காது, போனும் சும்மா இருக்காது. ஒருநாள் மத்தியானச் சாப்பாட்டு நேரம் தன் இயர்போனில் ஒன்றைக் கழற்றி யசோதினியின் காதில் செருகினாள். சுகிர்தா என்று ஒரு பாடகி. பெரிய மேடைகளில் காணாத முகம். தானே எழுதித் தானே பாடி யூடியூப்பில் போடுகிறவள். குரலும் தேன் இல்லை, கொஞ்சம் கரகரப்பு.

கேட்டவர்க்கெல்லாம் நலமென்று சொன்னேன்,
கேளாத என்னிடம் என்னென்று சொல்வேன்?
எல்லோர் தட்டிலும் பரிமாறி முடித்தேன்,
எனக்கொரு தட்டை எப்போது வைப்பேன்?

யசோதினி சோற்றுப் பார்சலை மடித்து மூடினாள். மூக்கு ஒழுகியது.

"என்ன யசோக்கா?"

"கறி உறைப்பு."

"பருப்பும் வெள்ளரிக்காயும் உறைக்கிற ஒரே ஆள் உலகத்தில நீங்கதான்," என்றாள் பர்ஸானா. "அழுறதெண்டா ஒழுங்கா அழுங்க. உள்ளுக்குப் போங்க, நான் கடையப் பாத்துக்கொள்ளுறன்."

உள்ளே இருமல் மருந்துப் பெட்டிகளுக்கு நடுவில் அவள் நன்றாக அழுதாள். அழுது முடிய, விஷயம் வெட்டவெளிச்சமாகத் தெரிந்தது. அவளுக்கு அந்த வீடு வேண்டும். புருசன் இல்லாமல், பிள்ளை குட்டி இல்லாமல், இருக்கிறபடியே இருந்துகொண்டு அந்த வீடு தனக்கென்று வேண்டும். எவ்வளவு பெரிய ஆசை என்று அவளுக்கே பயம் வந்தது.

அதற்குப் பிறகு அவள் சுகிர்தாவை விடவில்லை. ஒரு பேட்டியில் யாரோ, உங்கள் பாட்டெல்லாம் சுயநலமாக இல்லையா என்று கேட்க, பாடகி சிரித்தாள். "எனக்கு வேணும் என்று சொல்ல எனக்கு வெட்கமாக இருந்தது. வேண்டாம் என்று பொய் சொல்லும்போது மட்டும் வெட்கமே வரவில்லை. அது என்ன வெட்கம் என்று ஒருநாள் யோசித்தேன். அவ்வளவுதான்."

யசோதினி அந்த இடத்தைத் திரும்பத் திரும்பப் போட்டுக் கேட்டாள். பஸ்ஸில் வரும்போது சத்தமில்லாமல் சொல்லிப் பார்த்தாள்: எனக்கு வேணும். நாக்குப் புரளவில்லை. கொஞ்சம் பலமாகச் சொன்னாள். "எத்தின டிக்கட்?" என்று நடத்துனர் வந்து நின்றான். வாங்கின டிக்கட்டைக் காட்டித் தப்புவதற்குள் அவளுக்கு வியர்த்துவிட்டது.

ஞாயிற்றுக்கிழமை சிவதர்ஷனும் தாய் கண்ணகையும் வீடு பார்க்க வந்தார்கள். கண்ணகை நல்ல மனிசி. அறை அறையாகச் சுற்றிப் பார்த்து வாயாரப் புகழ்ந்தாள். யசோதினியின் அறை வாசலில் வந்ததும், "காத்து நல்லா வருது. இது புள்ளையளுக்கு. அக்காவுக்குப் பின்னால சின்னதா ஒரு பத்தி அறை இறக்கிக் குடுத்தாக் காணும், என்ன மச்சாள்?" என்றாள்.

"ஓம் மச்சாள், அவள் ஒண்டும் சொல்லமாட்டாள்," என்றாள் அன்னப்பூரணி. எல்லாரும் யசோதினியைப் பார்த்தார்கள். அந்த ஒற்றைச் சொல்லுக்காகத்தான் பார்த்தார்கள்.

அவள் தேத்தண்ணித் தட்டத்தைக் கட்டிலில் வைத்தாள். "எனக்கு இந்த வீடு வேணும்," என்றாள்.

சொன்னது தான்தானா என்று அவளுக்கே ஐமிச்சம்.

"கலியாணம் முடிக்காட்டியும் வேணும். தங்கச்சிக்கு நம்மட பக்கத்து வளவுக் காணியில வேற வீடு கட்டுவம். என்னால ஏலுமானதெல்லாம் செய்வன். ஆனா இது என்ட வீடு."

கண்ணகை தேத்தண்ணியைத் தொடாமலே, மண்டூருக்கு ஆற்றைக் கடக்கிற படகுக்கு நேரமாகிவிட்டது என்று புறப்பட்டாள். நேரம் எங்கே ஆனது? முற்றத்தில் வெயில் சுட்டுக்கொண்டிருந்தது. சிவதர்ஷன் நிருஷாவைத் திரும்பித் திரும்பிப் பார்த்தபடி தாயின் பின்னால் போனான். நிருஷா அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினாள்.

அன்னப்பூரணி குசினிக்குள் நின்று பாத்திரங்களை உருட்டினாள். "நான் கேக்கக்குள்ள வாய்க்குள்ள என்ன கொழுக்கட்டையா வெச்சிருந்த? வந்த சனத்துக்கு முன்னாலதான் சொல்லவேணுமா?"

"பொய் சொன்னனான் அம்மா. கலியாணம் முடிக்காதவள் வீடு கேக்கிறது வெக்கமெண்டு நினைச்சன்." வழக்கமென்றால் இந்த இடத்தில் மன்னிப்புக் கேட்டுச் சொன்னதைத் திருப்பி வாங்கியிருப்பாள். இன்றைக்கு வாங்கவில்லை.

அன்னப்பூரணி பானையைக் கீழே வைத்தாள். பிறகு மகளைப் பார்க்காமல் சொன்னாள்: "உனக்கு ஆசையிருக்குமெண்டு எனக்கும் தெரியாமலில்ல புள்ள. நீ வேணாமெண்டு சொன்னத நம்பினது எனக்குச் சுகமாயிருந்திச்சு. அதால நம்பினன்."

யசோதினி தாயின் தோளில் முகத்தைப் பதித்தாள். வெங்காயமும் வியர்வையும் மணத்தது. "வீடு உனக்குத்தான். உறுதிப் பத்திரத்த அப்பிடியே எழுதுவம்," என்றாள் தாய். "கண்ணகை மச்சாள் கோவிச்சா நான் போய்ப் பேசுறன். எனக்கும் வாய் இருக்கு."

பொழுதுபடும் நேரம் நிருஷா கதவைத் திறந்தாள். கண் சிவந்திருந்தது, கையில் போன். அக்காவுக்குப் பக்கத்தில் வாசற்படியில் தொப்பென்று இருந்தாள்.

"அவர் போன் எடுத்தவர். புது வீடு கட்டி முடியுமட்டும் வாடகைக்கு இருப்பமாம். தாயச் சமாளிக்கிறாராம்."

"உனக்குக் கோவமா?"

"கோவம்தான். வீட்டுக்கில்ல," என்றாள் நிருஷா. "இத்தின வருசமா எல்லாத்தையும் எனக்குத் தந்தீங்க. எத விரும்பித் தந்தீங்க, எத வயிறெரிஞ்சு விட்டீங்கெண்டு எனக்கு எப்பிடித் தெரியும்? சொல்லுங்க பாப்பம். அந்த நீலச் சைக்கிள்?"

யசோதினி யோசித்தாள். "எனக்கும் சரியான ஆசை. ரெண்டு நாள் உன்னோட கதைக்கவே மனமில்லை."

"டான்ஸ் வகுப்பு?"

"அது விரும்பித்தான் அனுப்பினன். நீ ஆடினா நல்லா இருக்கும்."

"மாமி தந்த சங்கிலி?"

"உண்மையாவே வேணாம். பாக்க நாய்ச் சங்கிலி மாதிரி."

நிருஷாவுக்குச் சிரிப்பு வெடித்துவிட்டது. "அதத்தானே நான் நாலு வருசம் போட்டன்!" குசினிக்குள் அன்னப்பூரணியும் சிரிக்கிற சத்தம் கேட்டது. சிரித்து ஓய்ந்த பிறகு நிருஷா அக்காவின் கையைப் பிடித்தாள்.

"கடைசியா ஒண்டு. நான் கலியாணம் முடிக்கிறது உங்களுக்குச் சந்தோசமா? பொய் சொல்லக்கூடாது."

யசோதினி தன் மனசுக்கு உள்ளே இருப்பதைத் தேடிப் பார்த்தாள்.

"சந்தோசம்," என்றாள். "கொஞ்சம் எரிச்சலும் இருக்கு."

நிருஷா அவள் மடியில் தலையை வைத்துப் படுத்தாள். "அப்பாடா," என்றாள். "இப்பதான் அந்தச் சந்தோசத்த நம்புறன்."