தூமிரா தூமிரா

1
இந்தக் கதை ஒரு கட்டத்திலிருந்து பிறந்தது. இணையத்தில் கணக்குத் தொடங்கும்போது 'குடும்பப் பெயர்' என்று ஒரு கட்டம் வரும். காலியாக விட்டால் சிவப்பாக முறைக்கும். (நமக்குத் தெரியாததா? அதில் அப்பா பெயரைப் போட்டுவிட்டு, வருகிற மின்னஞ்சலெல்லாம் அவரை 'டியர்' என்று கொஞ்சுவதைப் பார்த்தவள் நான்.) யோக்யகர்த்தாவில் படம் வரையும் தூமிராவுக்கு அப்பா பெயரைச் சேர்த்துப் போடும் வழக்கமும் கிடையாது. ஜாவாவில் பலரைப் போல அவளுக்கும் ஒரே பெயர். ஊரில் எல்லாரும் செய்வதுபோல அதையே இரண்டு தரம் அடித்தாள்.

2
முதலில் இப்படித் தொடங்கினேன்: "இணையவெளியில் சிதறிய தன் சுயத்தைத் தேடி அவள்..."

இல்லை. அவள் எதையும் தேடவில்லை. தன் சந்துப் பெண்களின் செல்ஃபிகளை, செயலி வெளுத்துக் கொடுத்த அதே முகங்களோடு, லாரித் தார்ப்பாயில் ஆளுயரத்துக்கு வரைகிறாள். பக்கத்து வீட்டு இபு யாத்மி தன் படத்தைப் பார்த்துவிட்டு, "மூக்கு நல்லாத்தான் இருக்கு. யாரு வீட்டுப் பொண்ணு இவ?" என்று கேட்டாள்.

3
கண்காட்சி அமைக்க ஜகார்த்தாவிலிருந்து வந்த மாஸ் ராதித் (மாஸ் என்றால் அங்கே அண்ணன்), தார்ப்பாய்களைப் பார்க்குமுன் அவளுடைய மின்னஞ்சலில் இருந்த பெயரைப் பார்த்துவிட்டார்.

"தூமிரா தூமிரா. நேர்ல ஒருத்தி, நெட்ல ஒருத்தி. பிரமாதம்ங்க."

"மாஸ், அந்தக் கட்டம் விடலை. அவ்வளவுதான்."

"அதேதான். கட்டம் விடலை. எழுதிக்கிறேன்."

நுழைவுச் சுவரில் இரண்டு தூமிராக்களைப் பற்றி நாலு பத்தி ஏறியது. தார்ப்பாய்கள் பின்கூடத்துக்குப் போயின. அவளுடைய முதல் கண்காட்சி அது, வாயை மூடிக்கொண்டாள்.

[இவள் கோழையா என்று இங்கே ஒரு பத்தி எழுதி அடித்துவிட்டேன். முதன்முதலாக உள்ளே விடப்பட்டவள் வாசலிலேயே சண்டை போட மாட்டாள். அதை வெளியே நின்று கேட்பவர்களுக்குக் கோழைத்தனம் என்று சொல்வது சுலபம்.]

4
திறப்பு நாளில் அம்மா வந்தாள். சுவரை எழுத்துக்கூட்டிப் படித்தாள். முகம் கறுத்துவிட்டது. அவர்கள் பக்கத்தில் பெயருக்கு எடை உண்டு. தாங்காத பெயரை வைத்தால் பிள்ளை படுத்துவிடும், மாற்றினால்தான் தேறும்.

"ஒண்ணையே தாங்குவியான்னு யோசிச்சு யோசிச்சு வெச்சோம். நீ ரெண்டு ஏத்திக்கிட்டு நிக்கிற."

"மாக், அது சும்மா கம்ப்யூட்டருக்கு."

"காய்ச்சல் கம்ப்யூட்டருக்கா வரும்?"

பின்னால் நின்ற ராதித் இதையும் குறித்துக்கொண்டார்.

5
கூடம் நிறைந்ததும் ராதித் ஒலிவாங்கியை நீட்டினார். "ரெண்டாவது தூமிரா யாரு? நீங்களே சொல்லிடுங்க."

முடிவு ஒன்று: உண்மையைச் சொல்கிறாள். நாலு பத்தியும் கிழிகிறது, அடுத்த கண்காட்சிக்கு யாரும் கூப்பிடுவதில்லை. முடிவு இரண்டு: ஆமாம் சாமி போடுகிறாள். சந்துப் பெண்கள் பின்கூடத்திலேயே கிடக்கிறார்கள்.

இரண்டில் ஒன்றை நான் எடுப்பதற்குள் முன்வரிசையிலிருந்து அம்மா எழுந்துவிட்டாள்.

"நான்தான். அந்த ரெண்டாவதை என் பேர்ல எழுதிக்குங்க. நான் தாங்கிப்பேன்."

கூடமே எழுந்து கைதட்டியது. நிகழ்த்துகலை என்று நினைத்துவிட்டார்கள். ராதித் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

தூமிரா அம்மாவைப் பார்த்தாள். பிறகு பின்கூடத்தைக் கைகாட்டி ஒலிவாங்கியில் பேசினாள். என்ன பேசினாள் என்று எழுத மாட்டேன். எழுதினால் அந்த ஆள் அதையும் சுவரில் ஏற்றிவிடுவார். உங்களுக்குப் புரிந்திருக்கும். வெளியே சொல்லாதீர்கள்.