ட்ரில் இல்லாத செவ்வாய்க்கிழமை
சைரன் அலறியது, அலறட்டும், அலாரப் பெட்டியின் கண்ணாடியை உடைத்தது தன் கைதானே... ராபின் விரலில் ஒட்டிய சில்லைத் தட்டிவிட்டுத் தையல் கூடத்தைப் பார்த்தான். யாரும் எழவில்லை. இல்லை, எழுந்தார்கள், சிவப்புத் தொப்பிக்காரர்கள் மட்டும், ட்ரில் என்ற தீ ஒத்திகை வந்தால் ஓடுவதற்கென்றே மேனேஜர் சுப்பண்ணன் பொறுக்கி வைத்த ஆட்கள், முன்வாசலில் போய் வரிசை கட்டி நின்றுகொண்டார்கள், மற்றவர்கள் தலை நிமிராமல் தைத்தார்கள். மண்ணரை ஊரில் இந்தப் பனியன் கம்பெனியில் அதுதான் வழக்கம், சரக்கு வாங்கும் வெளிநாட்டு பையர் ஆட்கள் படம் எடுக்க அது போதும், தைத்த பீஸுக்குத்தான் கூலி என்று உட்கார்ந்தவர்களை எழுப்பி யாருக்கு என்ன லாபம்? பின்கதவு தெரியாதபடி அட்டைப் பெட்டிகள், கூரை வரை. எடுக்கச் சொல்லி சுப்பண்ணனிடம் நேற்றும் சொன்னான், காலையிலும் சொன்னான், ஷிப்மென்ட் போகட்டுமுங்க என்ற பதில்தான். நிஜமாகவே தீ பிடித்தால் இத்தனை பேரும் எந்த வழியாகப் போவார்கள்? அதனால்தான் உடைத்தான். அந்தக் கதவைத் திறக்காமல் சைரனை நிறுத்தப் போவதில்லை, வேலை போனால் போகட்டும்.

முதல் பெட்டியை இழுத்தான், பனியன் இவ்வளவு கனக்குமா... அந்தப் பிலிப்பைன்ஸ்காரனும் இப்படித்தான் கனத்தான், செங்கடலில், அப்போது அவன் வேலை பார்த்த கப்பலின் பின்பக்கம் ட்ரோன் விழுந்த அன்று, என்ஜின் அறையிலிருந்து தோளில் போட்டுக்கொண்டு இருட்டில் படியேறினான். இருட்டு புதிதா என்ன? அந்தக் கடலுக்குள் நுழைந்த நாளிலிருந்து கேப்டன் நினைத்த நேரத்தில் மணி அடிப்பார், விளக்கை அணைப்பார், எவனாவது மயங்கியவனாக நடித்துக் கிடப்பான், ராபின் போய்த் தூக்கி வர வேண்டும், அது அவனுக்கு விதித்த வேலை. பதக்கம் தந்தது கப்பல் எந்த நாட்டுடையதோ அந்த நாட்டின் அமைச்சர், உயிரைத் துச்சமாக மதித்த தீரம் என்று வாசித்தார்கள், கைதட்டினார்கள், என்ன நினைத்துக்கொண்டு கீழே போனாய் என்று மட்டும் ஒருவரும் கேட்கவில்லை... கேட்டிருந்தால்? கடல் போதும் என்றாள் நதியா, மனைவி சொன்னபிறகு தூத்துக்குடியை விட்டு இங்கே குடிவந்தாயிற்று, பதக்கத்தைப் பார்த்தே சேஃப்டி ஆபீசர் வேலை கொடுத்தார்கள். பதக்கம் வாங்கும் படம் வரவேற்பறையில் தொங்குகிறது, பையர் கண்ணில் படும் உயரத்தில்.

சுப்பண்ணன் ஓடி வந்தார். "ஏனுங்க ராபின், தீயுமில்ல, பொகையுமில்ல, கண்டெய்னர் வாசல்ல நிக்குது, என்னங்க பண்றீங்க நீங்க?" ராபின் அடுத்த பெட்டியைத் தள்ளினான், பதில் சொன்னால் நிற்க வேண்டும், நின்றால் மனம் மாறும். கதவோரத்து ஓவர்லாக் மெஷினில் மருதம்மாள், சாத்தூர்க்காரி, பெடலில் இருந்து காலை எடுக்காமலே கேட்டாள், "ஏ கப்பக்காரத் தம்பி, ஒனக்கு இன்னொரு மெடல் வேணுமாக்கும்?" வரிசையே சிரித்தது. சைரனைவிட அந்தச் சிரிப்பு உறைத்தது, சிரிக்கட்டும், இன்று சிரித்துக்கொண்டாவது எழுந்தால் சரி, கால் ஒருமுறை வழியைப் பழகிவிட்டால் பிறகு தைரியம் எதற்கு? கடைசிப் பெட்டி சரிந்தது, துருப்பிடித்த தாழ்ப்பாள், தோளால் இடித்தான், இன்னொரு தடவை... கதவு பிளந்து வெயில் நேராக மருதம்மாளின் மெஷின்மேல் விழுந்தது. அவள் கால் நின்றது. வெயிலைப் பார்த்தாள், அவனைப் பார்த்தாள், எழுந்தாள், குரல் தணிந்திருந்தது, கப்பலில் அன்றைக்குக் கீழே இறங்கும்போது பயமாக இல்லையா என்று கேட்டாள்.

"பயமா... அன்னைக்கும் ட்ரில்லுன்னு நெனச்சுல்லா எறங்குனேன், அக்கா."