குடும்பத்தில் யாருக்காவது

கண் மருத்துவமனையின் பதிவு மேசையில் பதினெட்டு வருடமாக உட்கார்ந்திருப்பவள் நான். "உங்க குடும்பத்துல யாருக்காவது சர்க்கரை, கண்ணழுத்தம்?" என்று தினமும் நூறு பேரிடம் கேட்பேன். பொய் சொல்கிறவர்கள் ஒரு நொடி கூரையைப் பார்ப்பார்கள். "டாக்டர்கிட்டயும் வக்கீல்கிட்டயும் மறைக்கக் கூடாதும்மா" என்று எத்தனையோ பேரை அதட்டியிருக்கிறேன். எல்லாம் ஊருக்கு உபதேசம். ஆறு வாரத்துக்கு முன்னால், வேறொரு மருத்துவமனையில், மனநல டாக்டர் அதே மாதிரி என்னைக் கேட்டபோது நானும் கூரையைப் பார்த்தேன். பக்கத்தில் வீட்டுக்காரர் இருந்தார். "யாருக்கும் இல்ல டாக்டர்" என்றேன்.

அப்போது மகள் போர்வைக்குள் முடங்கிக் கிடந்தாள். குளிப்பதில்லை, கல்லூரிக்குப் போவதில்லை. டாக்டர் மனச்சோர்வுக்கு மாத்திரை எழுதினார். வேளை தவறாமல் நான்தான் கொடுத்தேன். நான்காவது வாரம் எழுந்து குளித்தாள், சிரித்தாள். எனக்கு வயிற்றில் பால் வார்த்த மாதிரி இருந்தது. பிறகு தூக்கம் நின்றது. பேச்சு நிற்கவே இல்லை. நேற்று காலை அலமாரியிலிருந்த துணியையெல்லாம் வாசலில் நின்று தெருவில் போகிறவர்களுக்குக் கொடுத்துக்கொண்டிருந்தாள். அந்தப் பளபளக்கும் கண்ணை எனக்குத் தெரியும். இருபது வயதில் என் அண்ணனுக்கு அதே கண்தான்.

அண்ணன் எங்கள் கல்யாணத்துக்கு முன்பே காய்ச்சலில் செத்துப்போனான் என்றுதான் வீட்டுக்காரர் நினைத்திருக்கிறார். என் அம்மா சொன்ன பொய். ஆயிரம் பொய் சொல்லி ஒரு கல்யாணம் பண்ணலாம் என்பார்கள். எனக்கு அந்த ஒன்றே போதுமானதாக இருந்தது. அண்ணன் இரண்டு பஸ் மாறிப் போகிற தூரத்தில் ஒரு காப்பகத்தில் இருக்கிறான். மாதத்தின் கடைசி சனிக்கிழமை, கூடுதல் ஷிஃப்ட் என்று சொல்லிவிட்டு, மாத்திரையோடு போய்ப் பார்த்துவிட்டு வருவேன்.

இன்று டாக்டர் மகளையே சற்று நேரம் கவனித்தார். அவள் அறைக்குள் நடந்துகொண்டே பேசிக்கொண்டிருந்தாள்.

"நல்லா யோசிச்சுச் சொல்லுங்கம்மா. ரெண்டு வழியிலயும் யாருக்குமே இப்படி வந்ததில்லையா? இருந்தா மருந்தே வேற. வெறும் மனச்சோர்வு மாத்திரை இந்த மாதிரி கிளப்பி விட்டுடும்."

என் கையாலேயே என் பெண்ணுக்கு விஷம் கொடுத்துவிட்டேன் என்று தோன்றியது.

"எங்க அண்ணனுக்கு" என்றேன். "என் ரத்தத்துலேருந்துதான் வந்துச்சா டாக்டர்?"

"வர்றதுக்கு வாய்ப்பு கொஞ்சம் கூடும், அவ்வளவுதான். தலையெழுத்துன்னு ஒண்ணும் இல்ல. அவருக்கு எந்த மருந்து கேட்டுச்சு?"

"லித்தியம். இப்பவும் அதுதான். போன வாரங்கூட வாங்கிக் குடுத்தேன்."

பக்கத்தில் உட்கார்ந்திருந்த வீட்டுக்காரர் மெதுவாகத் திரும்பினார். "செத்தவனுக்கா மாத்திரை வாங்கினே?"

இருபத்திரண்டு வருடத்தில் அவர் என்னை அப்படிப் பார்த்ததில்லை. நாற்காலியை என்னிடமிருந்து ஒரு சாண் தள்ளிப் போட்டுக்கொண்டார். டாக்டர் தலை குனிந்து எழுதத் தொடங்கினார்.

அப்போதுதான் அறை அமைதியாகிவிட்டது தெரிந்தது. நான்கு நாளில் முதல் முறையாக மகள் பேச்சை நிறுத்தியிருந்தாள்.

"எனக்கு மாமா இருக்காரா?"

"இருக்காருடி."

"இப்ப நல்லா இருக்காரா?"

காலியாக இருந்த நாற்காலியை இழுத்து, முழங்காலும் முழங்காலும் இடிக்கிற மாதிரி எனக்கெதிரே போட்டு உட்கார்ந்தாள். இமைக்காமல் என் வாயையே பார்த்தாள். உடம்பை அடக்கி வைக்கத்தான் பார்த்தாள். வலது கால் மட்டும் தரையைத் தட்டிக்கொண்டே இருந்தது.