ஹிர்ஷ் வாங்கிய பந்துகள்

ஜூலியஸ் மார்கோவ்ஸ்கியின் உடம்பில் பந்து பட்டபோதெல்லாம் அவன் அப்பா ஹிர்ஷின் உடம்பில்தான் கன்றியது. லீட்ஸ் நகரில் எங்கள் தெருவில் இதை அறியாதவர் இல்லை. ஹிர்ஷ் கோட்டுத் தொழிற்சாலையில் இஸ்திரி போடுபவர். கிரிக்கெட்டைக் கண்ணால் பார்த்ததில்லை. மகன் உதவித்தொகையில் பல்கலைக்கழகம் போய் முதல் கோடையிலேயே தொடக்க ஆட்டக்காரனாக இறங்கினான். அன்று பிற்பகல் ஹிர்ஷ் இஸ்திரிப் பெட்டியை வைத்துவிட்டு இடது தோளைப் பிடித்தபடி உட்கார்ந்தார். சட்டையைக் கழற்றினால், பந்தின் தையல் வரி உட்பட நீலமாகப் பதிந்திருந்தது. வலி ஒரு வாரத்தில் போனது, நீலம் போகவில்லை.

ஜூலியஸுக்கு வலித்ததே இல்லை. பந்து பட்டால் சத்தம் கேட்கும், அவ்வளவுதான். அவன் யூதன் என்பதாலும் ஒதுங்காமல் நிற்பதாலும் வேகப்பந்து வீச்சாளர்கள் அவன் நெஞ்சைக் குறிவைத்தே வீசினார்கள். "கொஞ்சம் நகருடா, உன் மூக்கு ஸ்டம்ப மறைக்குது" என்பான் ஸ்லிப்பில் நிற்பவன். ஜூலியஸ் நகரமாட்டான். தைரியசாலி என்று பத்திரிகைகள் எழுதின. பரம எதிரியான பல்கலைக்கழகத்துக்கு எதிராகச் சதம் அடித்த நாளில் மைதானமே எழுந்து நின்று கைதட்டியது. அவன் உள்ளே வந்து, தேநீர் ஆறிவிட்டதா என்று கேட்டான்.

மூன்றாம் ஆண்டு, செப்டம்பரில் எங்கள் யூதப் புத்தாண்டுக்கு ஊர் வந்தவன், அடுப்பங்கரைத் தொட்டியில் அப்பா குளிப்பதைப் பார்த்துவிட்டான்.

"யாருப்பா உங்கள அடிச்சா?"

"எங்களக் கேக்கறியா?" என்றாள் அம்மா ஃப்ரேடெல், துண்டைப் பிழிந்தபடி. "இது ஜூன் மாசத்துது. இந்த முழங்கை போன மாசம். யார் வீசினான்னு நீதான் சொல்லணும்."

"நான் ஆட்டத்த விட்டுடறேன்."

"விட்டுட்டு? என்கூட வந்து இஸ்திரி போடுவியா?" ஹிர்ஷ் சோப்பை எடுத்தார். "நான் கப்பலேறி வந்தது அதுக்கில்ல. நீ ஆடு. ஆனா கொஞ்சம் குனியேண்டா. குனிஞ்சா என்ன, கிரீடமா விழுந்துடும்?"

குனிய முயன்றான். வலியறியாத உடம்புக்கு அது வரவில்லை. விட்டிருக்கலாம், விடவில்லை. குற்ற உணர்ச்சி வரும் என்று எதிர்பார்த்தான், அதுவும் வரவில்லை. படிப்பு முடிந்து ஒரு கவுண்டி அணிக்குப் போனான். ஹிர்ஷின் கட்டைவிரல் முறிந்தது, தொழிற்சாலையில் இனி வரவேண்டாம் என்றார்கள். மாலைப் பத்திரிகையில் மகனின் ஓட்டங்களைப் படிக்கச் சொல்லிக் கேட்டுக்கொண்டு வீட்டில் இருந்தார். இங்கிலாந்தில் எங்கும் கிரிக்கெட் இல்லாத ஒரு பிப்ரவரியில், இருமி இறந்தார்.

எங்கள் வழக்கப்படி அடக்கச் சங்கத்தார் உடலைக் கழுவ வந்தார்கள். அவர்களில் கோழிக்கடை சால்மன் கிரிக்கெட் பித்தர். ஈரத்துணியால் ஒவ்வொரு நீலத்தையும் துடைத்து, எந்த ஆட்டம், யார் வீசியது என்று மெல்லச் சொல்லிக்கொண்டே வந்தார். மற்றவர்கள் தலையாட்டித் தண்ணீர் ஊற்றினார்கள். சற்று நேரத்தில் அவர் வெளியே வந்தார். ஜூலியஸ் சுவரோரம் நின்றிருந்தான்; கண்கள் காய்ந்திருந்தன.

"தம்பி, வலது விலாவுல ஒண்ணு இருக்கே, பெரிசா. அது எந்த மேட்ச்? எனக்கு ஞாபகம் வரல."

ஜூலியஸ் யோசித்தான்.

"மேட்ச் இல்ல. வலைப் பயிற்சி."

சால்மன் சரி என்று உள்ளே போனார். அந்த இடத்தையும் கழுவி, வெள்ளைத் துணியைச் சுற்றி முடிச்சுப் போட்டார்கள்.